லினக்ஸிலிருந்தே விண்டோஸுக்கும் மேக்குக்கும்: மிங்கு-டபிள்யூ64, ஜிக் சிசி, கிளாங் எப்படி இருக்கின்றன?

ஓர் இயங்குதளத்தில் இருந்துகொண்டே வேறோர் இயங்குதளத்துக்கு நிரல் உருவாக்கித் தரும் கிராஸ் கம்பைலர் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும்போது எது வேகம், எது நன்றாக ஆப்டிமைஸ் செய்கிறது என்றுதான் முதலில் கேட்பார்கள். அன்றாட வேலைக்கு இந்த இரண்டிலும் ஜிசிசி, கிளாங் என்ற இரு முக்கிய கம்பைலர்களுக்கிடையே பெரிய வித்தியாசம் தெரியாது. கம்பைலரோடு எந்த சி லைப்ரரி (கோப்பு திறப்பது, அச்சிடுவது போன்ற அடிப்படை ஃபங்ஷன்களின் தொகுப்பு) வருகிறது, அது எந்தப் பதிப்பு, நிரல் போய்ச் சேரும் கணினியில் அது இருக்குமா என்பதைப் பொறுத்துத்தான் நிரல் ஓடுவதும் ஓடாததும். ஆகவே விண்டோஸுக்கு மிங்கு-டபிள்யூ64, லினக்ஸுக்கு ஜிக் சிசி, மேக்குக்கு கிளாங் என்று மூன்றையும் அந்தக் கண்ணோடுதான் இங்கே எடைபோடுகிறோம்.

அளவுகோலுக்கு ஒரு வேலை வேண்டும். சி++-ல் எழுதிய சின்னக் கட்டளைவரி நிரல் ஒன்றை எடுத்துக்கொள்வோம். ஒரு ஃபோல்டரில் உள்ள தமிழ் உரைக் கோப்புகளைப் படித்து, சொற்களை எண்ணி, எஸ்க்யூலைட் தரவுத்தளத்தில் சேர்க்கும். சுருக்கிய கோப்புகளைத் திறக்க இசட்லிப் தேவை. நான்கைந்து த்ரெட் (ஒரே நேரத்தில் இணையாக நடக்கும் வேலைகள்) ஓடும். கம்பைல் செய்யும் கணினி டெபியன் 12, அதாவது ஜிசிசி 12, ஜிலிப்சி (லினக்ஸின் வழக்கமான சி லைப்ரரி) 2.36. எழுதியவருக்குச் சாதாரண நிரல்தான், ஆனால் கிராஸ் கம்பைலில் வரக்கூடிய சிக்கல்களில் பெரும்பாலானவை இதிலேயே வந்துவிடும்.

விண்டோஸுக்கு: மிங்கு-டபிள்யூ64

மிங்கு-டபிள்யூ64 என்பது விண்டோஸ் நிரல்களை உருவாக்கும்படி அமைத்த ஜிசிசி. நிறுவுவது ஒரே வரி. டெபியனின் பேக்கேஜ் மேலாளரான ஆப்டில் மிங்கு-டபிள்யூ64 பேக்கேஜைக் கேட்டால் 32 பிட், 64 பிட் இரண்டுமே வந்து இறங்கும். இனி ஜி++ என்று அழைக்கும் இடத்தில் 'எக்ஸ்86_64-டபிள்யூ64-மிங்கு32-ஜி++' என்று அழைக்க வேண்டும். கடைசியில் 32 என்று இருக்கிறதே என்று குழம்ப வேண்டாம். அது பழைய பெயரின் மிச்சம், வெளியே வருவது 64 பிட் நிரல்தான்.

முதல் அடி த்ரெட்டில் விழும். டெபியனில் இந்தக் கம்பைலர் இரண்டு வகையாக வருகிறது: வின்32 த்ரெட் மாடல், போசிக்ஸ் த்ரெட் மாடல். எதுவும் சொல்லாவிட்டால் வின்32 வகைதான் ஓடும். ஜிசிசி 12 வரை அந்த வகையில் சி++11 த்ரெட் கிடையாது. மியூடெக்ஸ் (த்ரெட்களுக்கிடையேயான பூட்டு) ஹெடரை முறையாகச் சேர்த்திருந்தும், 'எஸ்டிடி நேம்ஸ்பேஸில் மியூடெக்ஸ் என்று எதுவும் இல்லை' என்று பிழை வரும். அதைப் பார்த்துவிட்டு உங்கள் நிரலில் குற்றம் தேடாதீர்கள். கம்பைலர் பெயரின் கடைசியில் '-போசிக்ஸ்' சேர்த்து அழையுங்கள், அல்லது அப்டேட்-ஆல்டர்நேட்டிவ்ஸ் கட்டளையில் ஒரேயடியாக மாற்றிவிடுங்கள். ஜிசிசி 13-லிருந்து வின்32 மாடலிலும் சி++11 த்ரெட் வந்துவிட்டது. ஆனால் அந்தப் பதிப்பு உங்கள் டிஸ்ட்ரோவில் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.

கம்பைல் ஆன பிறகு எக்ஸிக்யூட்டபிளை விண்டோஸ் கணினிக்கு எடுத்துப்போய்த் திறந்தால் அடுத்தது, ஓடும்போது தேவைப்படும் லைப்ரரிக் கோப்பான டிஎல்எல் பற்றிய புகார்: 'லிப்எஸ்டிடிசி++-6.டிஎல்எல் காணவில்லை'. அதைக் கொடுத்தால் 'லிப்ஜிசிசி_எஸ்_எஸ்இஎச்-1.டிஎல்எல்' கேட்கும், அதையும் கொடுத்தால் 'லிப்வின்பித்ரெட்-1.டிஎல்எல்' கேட்கும். இணையத்தில் யாரோ ஏற்றிவைத்த டிஎல்எல்லைத் தரவிறக்கிப் பக்கத்தில் வைப்பவர்கள் உண்டு; தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். பதிப்பு ஒத்துப்போகாது, உள்ளே என்ன இருக்கிறதென்றும் தெரியாது. சரியான கோப்புகள் உங்கள் லினக்ஸ் கணினியிலேயே இருக்கின்றன: முதல் இரண்டும் யுஎஸ்ஆர்/லிப்/ஜிசிசி-க்குக் கீழே மிங்கு ஃபோல்டரில், '-போசிக்ஸ்' என்று முடியும் உள்ஃபோல்டரில். மூன்றாவது யுஎஸ்ஆர்-க்குக் கீழே மிங்குவின் லிப் ஃபோல்டரில்.

அதைவிடச் சுலபம், லிங்க் செய்யும்போது '-ஸ்டேட்டிக்' ஃப்ளாக் கொடுப்பது. மூன்றும் உள்ளேயே போய்விடும். '-ஸ்டேட்டிக்-லிப்ஜிசிசி', '-ஸ்டேட்டிக்-லிப்எஸ்டிடிசி++' இரண்டை மட்டும் கொடுத்தால் வின்பித்ரெட் வெளியே நின்றுவிடும். பலர் தடுக்குவது இங்கேதான். ஸ்டேட்டிக் ஆக்கினால் எக்ஸிக்யூட்டபிள் சில எம்பி பெருக்கும். '-எஸ்' கொடுத்துச் சிம்பல்களை நீக்கினால் கணிசமாக இளைக்கும். அனுப்புவதற்கு முன்னால் மிங்குவின் ஆப்ஜ்டம்ப் கருவியை '-பி' (ஆங்கிலச் சிறிய எழுத்து p) ஃப்ளாக்கோடு ஓட்டி 'டிஎல்எல் நேம்' வரிகளைப் பாருங்கள். கெர்னல்32, எம்எஸ்விசிஆர்டி போல விண்டோஸோடு வருபவை மட்டும் இருந்தால் அனுப்பலாம்.

உரிமம் பற்றி ஒரு சந்தேகம் அடிக்கடி வரும். ஜிசிசி ஜிபிஎல் 3-ல் (சேர்த்துக்கொள்ளும் நிரலின் மூலத்தையும் வெளியிடச் சொல்லும் உரிமம்) இருக்கிறது, அதன் லைப்ரரியை ஸ்டேட்டிக்காகச் சேர்த்தால் நம் நிரலையும் ஜிபிஎல்லில் வெளியிட வேண்டுமா? வேண்டாம். லிப்ஜிசிசிக்கும் லிப்எஸ்டிடிசி++க்கும் ரன்டைம் லைப்ரரி விலக்கு என்று தனியாக உண்டு. வழக்கமான முறையில் ஜிசிசியால் கம்பைல் செய்த மூடிய நிரலுக்கும் அது பொருந்தும். இதே கேள்வியை லினக்ஸில் ஜிலிப்சியை ஸ்டேட்டிக்காகச் சேர்ப்பவர் கேட்டால் பதில் வேறு. அது எல்ஜிபிஎல் என்ற வேறு உரிமம், நிபந்தனைகள் உண்டு.

விண்டோஸ் பக்கம் சி லைப்ரரியே இரண்டு. பழைய எம்எஸ்விசிஆர்டி, புதிய யுசிஆர்டி. முந்தையது எல்லா விண்டோஸிலும் இருக்கும், ஆனால் பிரிண்ட்எஃப் சி99-க்கு முந்தைய காலத்தில் நிற்கிறது. லாங் டபுள் அச்சிட்டால் குப்பை எண் வரும், ஏனென்றால் மிங்கு அதை 80 பிட்டாக வைத்திருக்கிறது, எம்எஸ்விசிஆர்டியோ 64 பிட் என்று நினைத்துப் படிக்கிறது. சி கோப்புகளில் '__யூஸ்_மிங்கு_ஆன்சி_எஸ்டிடிஐஓ' மேக்ரோவை 1 என்று வைத்தால் மிங்கு தன் சொந்த பிரிண்ட்எஃப்பைப் போட்டுக்கொள்ளும். யுசிஆர்டியில் பிரிண்ட்எஃப் ஒழுங்காக இருக்கிறது, யுடிஎஃப்-8 லொகேலும் உண்டு. விண்டோஸ் 10-லிருந்து கூடவே வருகிறது, அதற்கு முந்தையவற்றில் தனியாக நிறுவ வேண்டும். மிங்கு-டபிள்யூ64 திட்டம் தன் 12-ஆம் பதிப்பிலிருந்து யுசிஆர்டியையே இயல்பாக்கியது. டெபியன் 12-ல் இருப்பது அதற்கு முந்தையது என்பதால் அங்கே எம்எஸ்விசிஆர்டிதான். இரண்டில் எதை எடுத்தாலும் எல்லாவற்றையும் அதிலேயே கம்பைல் செய்யுங்கள். ஒரு லைப்ரரி ஒன்றிலும் நிரல் மற்றொன்றிலும் இருந்தால், ஒரு பக்கம் மல்லாக் செய்து வாங்கிய நினைவகத்தை மறுபக்கம் ஃப்ரீ செய்து விடுவிக்கும்போது நிரல் விழும், அதுவும் எப்போதாவது மட்டும். கண்டுபிடிக்க மிகவும் சிரமமான வகை.

விண்டோஸ் கணினியிலேயே உட்கார்ந்து செய்பவருக்கு எம்சிஸ்2 என்ற கருவித்தொகுப்பு நல்ல வழி. பேக்மேன் பேக்கேஜ் மேலாளர் வருகிறது, இசட்லிப், எஸ்க்யூலைட் எல்லாம் தயாராகக் கிடைக்கும். ஸ்டார்ட் மெனுவில் பல ஐகான்கள் தெரியும்: எம்சிஸ், மிங்கு64, யுசிஆர்டி64, கிளாங்64. யுசிஆர்டி64-ஐத் திறங்கள். எம்சிஸ் என்று மட்டும் உள்ளதில் கம்பைல் செய்தால் நிரல் எம்சிஸின் டிஎல்எல்லைச் சார்ந்துவிடும்.

கம்பைலர் கண்டுகொள்ளாத குழிகள்

இனி வருபவை எந்தக் கருவி எடுத்தாலும் உண்டு. எச்சரிக்கை இல்லாமலே கம்பைல் ஆகும், ஓடும்போது தப்பும்.

64 பிட் லினக்ஸிலும் மேக்கிலும் லாங் என்ற முழு எண் வகை 8 பைட், 64 பிட் விண்டோஸில் 4 பைட். கோப்பின் அளவை லாங்கில் வைத்திருந்தால் 2 ஜிபிக்கு மேல் எண் மைனஸ் ஆகிவிடும். இன்ட்64_டி பயன்படுத்துங்கள்.

கோப்பைத் திறக்கும் எஃப்ஓப்பனில் 'ஆர்பி' என்பதற்குப் பதில் 'ஆர்' போட்டால் லினக்ஸில் ஒன்றும் ஆகாது. விண்டோஸில் அது டெக்ஸ்ட் மோட். வரி முடிவுகள் மாறும், நடுவில் 0எக்ஸ்1ஏ என்ற பைட் வந்தால் கோப்பு அங்கேயே முடிந்துவிட்டதாக நினைத்து நின்றுவிடும். சுருக்கிய கோப்பில் அந்தப் பைட் எங்கு வேண்டுமானாலும் வரும். 'லினக்ஸில் சரியாக இருக்கிறது, விண்டோஸில் மட்டும் கோப்பு பாதியில் அறுந்துபோகிறது' என்ற புகாருக்குப் பெரும்பாலும் இதுதான் காரணம்.

ஒரு பைட்டை வைத்திருக்கும் கேர் என்ற வகை எக்ஸ்86-ல் மைனஸும் வரக்கூடியது, ஆர்ம் லினக்ஸில் மைனஸே வராதது. ஆப்பிளின் ஆர்மில் மறுபடி மைனஸ் வரும். ஆங்கிலம் மட்டும் கையாளும் நிரலில் இது தெரியவே தெரியாது. தமிழுக்கான யுனிகோட் எண் ஒவ்வொன்றும் யுடிஎஃப்-8-ல் இ0 ஏஇ அல்லது இ0 ஏஎஃப் என்று தொடங்கும் மூன்று பைட். மூன்றுமே 0எக்ஸ்80 அல்லது அதற்கு மேல். ஆகவே 'கேர் 0-க்குக் கீழே இருந்தால் தமிழ்' என்று சோதிக்கும் நிரல் லேப்டாப்பில் ஓடும், ராஸ்பெர்ரி பையில் ஒரு சொல்லைக்கூட எண்ணாது. ஐஎஸ்ஆல்ஃபா போன்றவற்றுக்கு மைனஸ் எண்ணை அனுப்புவதும் தவறு. அன்சைன்ட் கேராக மாற்றி அனுப்புங்கள்.

தமிழில் கோப்புப் பெயர் வைப்பவர்களுக்கு வரும் சிக்கல் இன்னும் பெரிது, கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். விண்டோஸில் எஃப்ஓப்பன் போன்ற சாதாரண ஃபங்ஷன்கள் பெயரை ஆன்சி கோட்பேஜ் (ஒரு மொழியின் எழுத்துகளுக்கான எண் அட்டவணை) வழியாகப் படிக்கின்றன. ரஷ்ய மொழிக்கு 1251, மேற்கு ஐரோப்பிய மொழிகளுக்கு 1252 என்று ஒன்று இருக்கிறது. தமிழுக்கு விண்டோஸில் அப்படி ஒரு கோட்பேஜே கிடையாது, தொடக்கத்திலிருந்தே யுனிகோட் மட்டும்தான். ஆகவே 'கொடி.டிஎக்ஸ்டி' என்று கட்டளைவரியில் கொடுத்தால் மெயின் ஃபங்ஷனுக்கு வரும் ஆர்க்வியில் வரிசையாகக் கேள்விக்குறிகள்தான் இருக்கும். பெயர் அங்கேயே தொலைந்துவிட்டது. பிறகு எதைச் செய்தாலும் மீட்க முடியாது.

தீர்வு இரண்டு. விண்டோஸ் 10-ன் 1903 பதிப்புக்கு மேல் மட்டும் போதுமென்றால், ஒரு மேனிஃபெஸ்ட் கோப்பில் (நிரலின் அமைப்புகளை விண்டோஸுக்குச் சொல்வது) ஆக்டிவ்கோட்பேஜ் யுடிஎஃப்-8 என்று எழுதி, ரிசோர்ஸ் கோப்பில் '1 24' என்று தொடங்கும் ஒரே வரியில் அந்தக் கோப்பின் பெயரைக் கொடுத்து, மிங்குவின் விண்ட்ரெஸ் கருவியால் ஆப்ஜெக்ட் ஆக்கி நிரலோடு லிங்க் செய்யுங்கள். 24 என்பது மேனிஃபெஸ்ட் வகையைக் குறிக்கும் எண். நிரலில் ஒரு வரிகூட மாற்ற வேண்டாம். ஆர்க்வியும் எஃப்ஓப்பனும் யுடிஎஃப்-8 பேசத் தொடங்கிவிடும். பழைய விண்டோஸும் வேண்டுமென்றால் '-எம்யூனிகோட்' கொடுத்து டபிள்யூமெயின், _டபிள்யூஎஃப்ஓப்பன் வழியில் போக வேண்டும். சி++17 என்றால் ஃபைல்சிஸ்டம் பாத்தை அகலக் கேரில் உருவாக்கி ஐஎஃப்ஸ்ட்ரீமுக்குக் கொடுத்தாலும் ஆகும்.

திரையில் அச்சிடுவதற்கு செட்கன்சோல்அவுட்புட்சிபி ஃபங்ஷனை 65001 என்ற எண்ணோடு அழையுங்கள். அதன் பிறகும் பழைய கன்சோலில் தமிழ் எழுத்துகள் சேராமல் உடைந்து தெரியும். அது எழுத்துருவைக் காட்டும் குறை, நிரலின் குறை அன்று. வெளியீட்டை ஒரு கோப்புக்குத் திருப்பிவிட்டு நோட்பேடில் திறந்தால் உண்மை தெரியும்.

மேக்கில் இதே 'கொடி' வேறொரு வேலை காட்டும். 'ொ' என்ற உயிர்மெய்க்குறிக்கு யுனிகோடில் 0பிசிஏ என்று தனி எண் உண்டு. அதையே 0பிசி6, 0பிபிஇ என்று ஒற்றைக்கொம்பும் காலுமாகப் பிரித்தும் எழுதலாம். இரண்டும் சமம் என்கிறது யுனிகோட். பழைய எச்எஃப்எஸ்+ வட்டு எந்தப் பெயரைக் கொடுத்தாலும் பிரித்த வடிவில்தான் சேமிக்கும். இப்போதைய ஏபிஎஃப்எஸ் கொடுத்தபடியே வைத்துக்கொள்ளும், தேடும்போது இரண்டையும் ஒன்றாகப் பார்க்கும். லினக்ஸும் விண்டோஸும் இரண்டு வெவ்வேறு கோப்புகள் என்றே நினைக்கும். பழைய மேக் வட்டிலிருந்து பென்டிரைவ் வழியாக வந்த கோப்பை, லினக்ஸில் அதே பெயரைத் தட்டித் தேடினால் 'அப்படி ஒரு கோப்பு இல்லை' என்று வருவது இதனால்தான். தரவுத்தளத்தில் பெயரைச் சேர்க்கும் முன் என்எஃப்சி என்ற சேர்த்தெழுதிய வடிவுக்கு மாற்றிக்கொண்டால் தப்பலாம்.

சார்ந்திருக்கும் லைப்ரரிகள்

எஸ்க்யூலைட் தங்கம். எல்லாவற்றையும் ஒரே சி கோப்பாகச் சேர்த்து அவர்களே தருகிறார்கள். உங்கள் நிரலோடு சேர்த்துக் கம்பைல் செய்தால் முடிந்தது, எந்த இயங்குதளமானாலும் சரி.

இசட்லிப்பின் சில பதிப்புகளில் வழக்கமான கான்ஃபிகர் ஸ்க்ரிப்டை மிங்குவுக்கு ஓட்டினால், 'வின்32/மேக்ஃபைல்.ஜிசிசியைப் பயன்படுத்துங்கள்' என்று சொல்லிவிட்டு நின்றுவிடும். மேக் (make) கட்டளைக்கு '-எஃப்' கொடுத்து அந்தக் கோப்பைச் சுட்டி, ப்ரீஃபிக்ஸ் என்ற மாறியில் 'எக்ஸ்86_64-டபிள்யூ64-மிங்கு32-' என்று கொடுங்கள், கடைசிக் கோட்டையும் சேர்த்து. அந்தக் கோடு விட்டுப்போனால் கம்பைலர் பெயர் ஒட்டிக்கொண்டு 'அப்படி ஒரு கட்டளை இல்லை' என்று வரும்.

கான்ஃபிகர் ஸ்க்ரிப்டை உருவாக்கித் தரும் ஆட்டோடூல்ஸைப் பயன்படுத்தும் லைப்ரரிகளுக்கு '--ஹோஸ்ட்' என்பதில் நிரல் ஓடப்போகும் கணினியைச் சொல்ல வேண்டும். '--டார்கெட்' என்பது கம்பைலரையே கம்பைல் செய்பவர்களுக்கு, நமக்கல்ல. '--பில்ட்' ஃப்ளாக்கையும் கூடவே கொடுப்பது நல்லது. காரணம் இருக்கிறது: லினக்ஸில் வைன் நிறுவி, விண்டோஸ் நிரலை நேரடியாகத் தொடங்கும் வசதி இயக்கத்தில் இருந்தால், கான்ஃபிகர் ஸ்க்ரிப்ட் ஒரு சோதனை எக்ஸிக்யூட்டபிளை உருவாக்கி ஓட்டிப்பார்க்கும். வைன் தயவில் அது ஓடிவிடும். 'சரி, கிராஸ் கம்பைல் இல்லை' என்று முடிவு செய்துகொண்டு மீதியெல்லாம் தப்பாகப் போகும்.

லைப்ரரி எங்கே இருக்கிறது என்று சொல்லும் கருவியான பிகேஜி-கான்ஃபிக் இன்னொரு வில்லன். சும்மா விட்டால் லினக்ஸில் இருக்கும் இசட்லிப்பின் வழியைக் காட்டிக் கொடுத்துவிடும். யுஎஸ்ஆர்/இன்க்ளூட் உள்ளே நுழைந்ததும் ஜிலிப்சி ஹெடரும் மிங்கு ஹெடரும் மோதி நூறு பிழைகள் கொட்டும். பிகேஜி_கான்ஃபிக்_பாத் வைத்தால் போதாது, அது இருக்கும் பட்டியலில் கூடுதலாகச் சேர்க்கும், அவ்வளவுதான். பிகேஜி_கான்ஃபிக்_லிப்டிர் வைத்தால்தான் பழைய பட்டியல் போகும். சிமேக் என்ற பில்ட் கருவியில் இதற்கு ஈடு, கம்பைலரைக் குறிப்பிடும் டூல்செயின் கோப்பில் ஃபைண்ட்_ரூட்_பாத்_மோட் மாறிகளை லைப்ரரிக்கும் இன்க்ளூடுக்கும் 'ஒன்லி' என்றும், ப்ரோக்ராமுக்கு 'நெவர்' என்றும் வைப்பது. டூல்செயின் கோப்பை மாற்றினால் பில்ட் ஃபோல்டரை அழித்துவிட்டுத் தொடங்குங்கள், சிமேக் பழைய கம்பைலரைக் கேஷில் பிடித்து வைத்திருக்கும்.

லினக்ஸுக்கு: ஜிக் சிசி

லினக்ஸிலிருந்து லினக்ஸுக்கு என்ன கிராஸ் கம்பைல் என்று கேட்கலாம். உபுண்டு 22.04-ல் கம்பைல் செய்த நிரலை டெபியன் 11-ல் ஓட்டிப்பாருங்கள்: 'ஜிலிப்சி_2.34 பதிப்பு கிடைக்கவில்லை'. 2021 ஆகஸ்டில் வந்த ஜிலிப்சி 2.34 பித்ரெட் லைப்ரரியை லிப்சிக்குள் சேர்த்துக்கொண்டது. நிரல் தொடங்கும் சிம்பலுக்கும் புதிய பதிப்பு முத்திரை விழுந்தது. அதனால் ஒன்றுமே செய்யாத வெற்று நிரலானாலும் புதிய டிஸ்ட்ரோவில் லிங்க் செய்தால் பழையதில் ஓடாது. புதிய ஜிலிப்சியில் பழைய நிரல் ஓடும், பழையதில் புதியது ஓடாது. வழக்கமான தீர்வு, ஆதரிக்க நினைக்கும் டிஸ்ட்ரோக்களில் மிகப் பழையதை டாக்கரில் வைத்து அதற்குள் கம்பைல் செய்வது. பைத்தான் பேக்கேஜ்களுக்கான மேனிலினக்ஸ் இமேஜ்கள் அதே தத்துவம்தான்.

ஜிக் சிசி இதை அழகாகத் தீர்க்கிறது. ஜிக் என்பது ஆண்ட்ரூ கெல்லி தொடங்கிய ஒரு நிரல்மொழி. அந்த மொழியில் ஒரு எழுத்தும் எழுத வேண்டாம். அதன் கம்பைலருக்குள் கிளாங் இருக்கிறது, அதை 'ஜிக் சிசி', 'ஜிக் சி++' என்று அழைக்கலாம். தரவிறக்கம் 50 எம்பி அளவில்தான். பிரித்து வைத்தால் போதும், நிறுவல் என்று எதுவுமில்லை. இத்தனை சின்னதில் மஸல் (லினக்ஸுக்கான இன்னொரு சி லைப்ரரி), மிங்கு, ஜிலிப்சி, மேக்கின் அடிப்படை லைப்ரரி எல்லாவற்றுக்கும் தேவையானவை மூலநிரலாகவும் ஸ்டப்பாகவும் (லிங்க் செய்ய மட்டும் உதவும் வெற்று வடிவம்) உள்ளே இருக்கின்றன. எந்த டார்கெட் (நிரல் ஓடப்போகும் இயங்குதளம்) கேட்கிறீர்களோ அதற்குரியதை அப்போது கம்பைல் செய்து கேஷில் வைத்துக்கொள்ளும். முதல் முறை மெதுவாக இருந்தால் பதற வேண்டாம்.

இதன் முத்தான வசதி, டார்கெட்டில் ஜிலிப்சி பதிப்பையே எழுதலாம் என்பது. '-டார்கெட் எக்ஸ்86_64-லினக்ஸ்-க்னு.2.28' என்றால் ரெட்ஹாட் 8 முதல் மேலே எல்லாவற்றிலும் ஓடும். '.2.17' என்றால் சென்ட்ஓஎஸ் 7 வரை இறங்கும். ஆப்ஜ்டம்ப்பை '-டி' (ஆங்கிலப் பெரிய எழுத்து T) ஃப்ளாக்கோடு ஓட்டி ஜிலிப்சி என்று தேடினால் எந்தெந்தப் பதிப்பைக் கேட்கிறது என்று கண்ணால் சரிபார்க்கலாம். இந்த ஒரு விஷயத்தில் ஜிக்குக்கு ஈடு இல்லை.

'க்னு' இடத்தில் 'மஸல்' என்று போட்டால் முழு ஸ்டேட்டிக் நிரல் வரும், எந்த லினக்ஸிலும் ஓடும், மஸல் எம்ஐடி உரிமம் என்பதால் அந்தக் கவலையும் இல்லை. ஆனால் மஸலில் ஒரு த்ரெட்டின் இயல்பு ஸ்டாக் (லோக்கல் மாறிகள் இருக்கும் நினைவகம்) 128 கேபிதான், ஜிலிப்சியில் வழக்கமாக 8 எம்பி. ஆழமான ரிகர்ஷனோ பெரிய லோக்கல் அரேயோ இருந்தால் த்ரெட்டுக்குள் நிரல் செத்துவிழும். பித்ரெட் ஆட்ரிபியூட்டில் ஸ்டாக் அளவைக் கூட்டுங்கள். பல த்ரெட்கள் சேர்ந்து மல்லாக் செய்யும் நிரல் மஸலில் மந்தமாகும், எம்ஐமல்லாக் போன்ற வேறொரு மல்லாக்கைச் சேர்த்தால் சரியாகும்.

ஜிக்கில் குறைகளும் உண்டு. ஆப்டிமைஸ் ஃப்ளாக் எதுவும் தராமல் கம்பைல் செய்தால் வரையறுக்கப்படாத நடத்தையைச் சோதிக்கும் யூபிசான் தானாகவே இயங்கும். ஜிசிசியில் ஆண்டுக்கணக்காக ஓடிய நிரல் இங்கே 'இல்லீகல் இன்ஸ்ட்ரக்ஷன்' என்று விழுந்தால் கம்பைலரைத் திட்டாதீர்கள். பெரும்பாலும் நிரலில் உண்மையாகவே பிழை இருக்கும். 0.14-லிருந்து காரணத்தையும் அச்சிடுகிறது. பிறர் எழுதிய லைப்ரரியில் வந்தால் '-எஃப்நோ-சானிடைஸ்=அன்டிஃபைன்ட்' கொடுத்து நகருங்கள்.

டார்கெட் எதுவும் சொல்லாவிட்டால் உங்கள் சிபியுவுக்கே உரிய இன்ஸ்ட்ரக்ஷன்களைப் போட்டுவிடும். புதிய லேப்டாப்பில் செய்தது அலுவலகத்தின் பழைய சர்வரில் விழும். உள்ளூர் கணினிக்கென்றாலும் டார்கெட்டை எழுதியே கொடுங்கள்.

சி++-ல் இது கிளாங்கின் லிப்சி++-ஐப் பயன்படுத்துகிறது. ஜிசிசியால் கம்பைல் செய்து வைத்த சி++ லைப்ரரிகளோடு லிங்க் ஆகாது. எல்லாவற்றையும் ஜிக்காலேயே கம்பைல் செய்ய வேண்டும். இன்னும் 1.0 வரவில்லை, பதிப்புக்குப் பதிப்பு ஏதாவது மாறும். தானாகக் கம்பைல் செய்யும் சிஐ அமைப்பில் பதிப்பு எண்ணைக் குறிப்பிட்டுப் பூட்டி வையுங்கள்.

விண்டோஸுக்கும் இதே ஜிக்கைப் பயன்படுத்தலாமே என்றால், சி நிரலுக்குத் தாராளமாக. டிஎல்எல் தேடி அலைய வேண்டியதில்லை. விண்ட்ரெஸ், பித்ரெட், தயார் லைப்ரரிகள் எல்லாம் வேண்டிய சி++ நிரலுக்கு டெபியனின் மிங்குதான் இன்னும் சிக்கல் குறைவு.

ஆர்ம் லினக்ஸுக்கு டெபியனிலேயே ஜிசிசி வகைகள் இருக்கின்றன. கியூஇஎம்யு-யூசர் நிறுவினால் இங்கேயே ஓட்டியும் பார்க்கலாம். ஒரே ஒரு எச்சரிக்கை: டெபியனின் 32 பிட் ஹார்டுஃப்ளோட் கம்பைலர் ஆர்ம்வி7-க்கானது. முதல் ராஸ்பெர்ரி பையும் பழைய பை ஜீரோவும் ஆர்ம்வி6. அங்கே ஓடாது.

மேக்குக்கு: முடிந்தால் மேக்கிலேயே

தொழில்நுட்பத்தைவிட உரிமம்தான் இங்கே தடை. கிளாங்கால் மேக் நிரல் உருவாக்க முடியும், எல்எல்டி லிங்க்கரும் உண்டு, ஓஎஸ்எக்ஸ்கிராஸ் என்ற கருவித்தொகுப்பு எல்லாவற்றையும் கோத்தும் தருகிறது. ஆனால் அதற்கு ஆப்பிளின் நிரலாக்கத் தொகுப்பான எக்ஸ்கோடிலிருந்து எடுத்த எஸ்டிகே (மேக்குக்கான ஹெடர்களும் லைப்ரரிகளும்) வேண்டும், எக்ஸ்கோடின் உரிமம் ஆப்பிள் கணினியில் பயன்படுத்தத்தான் அனுமதிக்கிறது. நிறுவனத்துக்காகச் செய்பவர்கள் இதைத் தாண்டிப்போகாமல் இருப்பது நல்லது.

நம் சொல் எண்ணும் நிரல் போன்ற வெறும் கட்டளைவரி நிரலுக்கு ஜிக்கின் 'ஏஆர்ச்64-மேக்ஓஎஸ்' டார்கெட் போதும். அடிப்படை சிஸ்டம் லைப்ரரியின் ஸ்டப் அதனுள் இருக்கிறது. ஜன்னல், மெனு, கோக்கோ என்று போனால் ஃப்ரேம்வொர்க் எதுவும் கிடைக்காது, எஸ்டிகே தேவைப்படும்.

மேக் ஒன்று கையில் இருந்தால் வேலை எளிது. எக்ஸ்கோட்-செலக்ட் கட்டளையால் கட்டளைவரிக் கருவிகளை நிறுவுங்கள். அங்கே 'ஜிசிசி' என்று தட்டினாலும் ஓடுவது ஆப்பிளின் கிளாங்தான். '-ஆர்ச்' ஃப்ளாக்கை இரண்டு முறை, ஆர்ம்64-க்கு ஒன்று எக்ஸ்86_64-க்கு ஒன்று கொடுத்தால் இரு சிபியுவிலும் ஓடும் ஒரே கோப்பு வரும். '-எம்மேக்ஓஎஸ்எக்ஸ்-வெர்ஷன்-மின்' கொடுக்க மறந்தால், எந்த மேக்ஓஎஸ்ஸில் கம்பைல் செய்தீர்களோ அதற்கும் மேலுள்ளதற்கும் மட்டும் என்று ஆகிவிடும். ஆர்ம் மேக் தொடங்குவதே 11.0-ல் என்பதால் ஆர்ம்64-க்கு அதற்குக் கீழே வைத்துப் பயனில்லை.

கடைசிக் கண்ணி நிரலின் டிஜிட்டல் கையெழுத்து. ஆப்பிள் சிலிக்கானில் கையெழுத்தில்லாத ஆர்ம்64 நிரலை கெர்னல் ஓடவிடாது, 'கில்ட்: 9' என்று மட்டும் சொல்லிவிட்டு நிறுத்திவிடும். காரணம் எதுவும் தராது. லிங்க்கர் ஒரு அட்-ஹாக் கையெழுத்தைத் தானாகவே போட்டுவிடுவதால் பெரும்பாலும் இது தெரிவதில்லை. ஆனால் லினக்ஸில் வைத்து அளவைக் குறைக்கலாமே என்று அதன் மேல் ஸ்ட்ரிப் ஓட்டினால் கோப்பின் பைட்கள் மாறி அந்தக் கையெழுத்து செல்லாததாகிவிடும். ஸ்ட்ரிப், லிப்போ (இரு சிபியுவுக்கான கோப்புகளை ஒன்றாக்குவது) போன்றவற்றையெல்லாம் முடித்துவிட்டு, கடைசியாகக் கையெழுத்துப் போடுங்கள். மேக்கில் கோட்சைன், லினக்ஸில் ஓப்பன் சோர்ஸ் கருவியான ஆர்கோட்சைன். உலாவி வழியாகத் தரவிறக்குபவர்களுக்கு அதன் பிறகும் மேக்கின் பாதுகாப்புச் சோதனையான கேட்கீப்பர் தடுக்கும். எக்ஸ்ஏட்டர் கட்டளையால் குவாரண்டைன் குறியை நீக்கச் சொல்லலாம். அது கூடாதென்றால் ஆண்டுக்கு 99 டாலர் கட்டி ஆப்பிளின் டெவலப்பர் உறுப்பினராகி நோட்டரைஸ் செய்துகொள்ள (ஆப்பிளிடம் அனுப்பிச் சரிபார்த்துக்கொள்ள) வேண்டும்.